சாராயத்தில் ஓடும் எஞ்சின்

எஞ்சின் நாலு தரம் இருமிவிட்டு நின்றபோது சுந்தரம்மாளுக்குக் குமட்டிக்கொண்டு வந்தது.

புகையா அது? அவள் புருஷன் தீர்த்தகிரி குடித்துவிட்டு வந்து ஏப்பம் விட்ட ராத்திரிகள் எல்லாம் அந்தக் குழாய் வழியாக வெளியே வந்தன.

பெட்ரோல் விலை ஏறிக்கொண்டே போன காலம். மதுவிலக்குப் போலீஸ் மலையில் பிடித்த சாராயத்தை அனுமதியோடு வாங்கி, மறுபடி காய்ச்சித் தண்ணீரைப் பிரித்து, எஞ்சினுக்கு ஊற்றி ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார் காலேஜ் சார் ரங்கசாமி. ஜமுனாமரத்தூருக்கு வெளியே ஓடைக்கரையில் ஒரு தகரக் கொட்டகை. எஞ்சின் ஓடினால் பம்பு ஓடும், மேட்டுக் காட்டுக்குத் தண்ணீர் ஏறும்.

கொட்டகைக்குக் காவல் தீர்த்தகிரி. ஊரறிந்த குடிகாரனைச் சாராயத்துக்குக் காவல் வைத்த கூத்தை எங்கே போய்ச் சொல்வது! அவன்தான் வேண்டுமென்று கேட்டு வைத்தவர் சார். நம்பினால்தான் மனுஷன் திருந்துவான் என்றார். எந்நேரமும் ஏலக்காய் மென்றுகொண்டு, மலைக்காரர்களிடமும் வாங்க போங்க என்றே பேசுகிறவர்.

பொங்கலுக்குப் பிறகு தீர்த்தகிரி குடிக்கவில்லை. இன்னொரு தரம் தொட்டால் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போய்விடுவேன் என்று சுந்தரம்மாள் சொல்லி வைத்திருந்தாள்.

இன்று பார்த்து, ஆராய்ச்சியைப் பார்க்க மெட்ராஸ் அதிகாரிகள் ஜீப்பில் வந்து இறங்கி, ஊரும் கூடி நின்ற நேரத்தில், எஞ்சின் மக்கர் செய்துவிட்டது.

சார் கேனைத் திறந்து சோதித்துப் பார்த்தார். யாரோ சரக்கை எடுத்துவிட்டுத் தண்ணீரை ஊற்றி நிரப்பியிருக்கிறார்கள் என்றார். கொட்டகைச் சாவி தன்னிடம் ஒன்று, காவல்காரனிடம் ஒன்று என்றும் சொன்னார்.

அத்தனை பேரும் தீர்த்தகிரியைப் பார்த்தார்கள். அதிகாரிகளோடு வந்திருந்த ஏட்டு அவன் தோளில் கையைப் போட்டார்.

சுந்தரம்மாளுக்குச் சீ என்று ஆகிவிட்டது. இந்த ஆளுக்கா இத்தனை மாசம் கூழ் கரைத்துக் கொடுத்தோம்?

விறுவிறுவென்று போய் அவன் தாடையைப் பிடித்தாள்.

"வாயத் தொற. ஊது."

கண்ணில் தண்ணீர் நிற்க, அவன் ஊதினான். காலையில் அவள் கொடுத்த கேழ்வரகுக் கூழும் கடித்துக்கொண்ட வெங்காயமும்தான் மணத்தன. நம்பாமல் இன்னொரு தரம் ஊதச் சொன்னாள். அதே கூழ், அதே வெங்காயம்.

சார் பக்கத்தில் வந்து குனிந்தார். பழகின பழக்கம் அவ்வளவு லேசில் விடாது, நீங்கள் மனசு உடையாதீர்கள் என்று மெல்லிய குரலில் ஆறுதல் சொன்னார்.

ஏலக்காய் மணத்தது. அதற்கு அடியில், இத்தனை வருஷம் அவள் பக்கத்தில் படுத்துத் தூங்கிய அந்த நாற்றம்.

அருவருப்பில் அவள் உடம்பு கூசியது. தள்ளிப் போய்க் காறித் துப்பினாள். பிறகு ஏட்டைப் பார்த்துத் திரும்பினாள்.

"அய்யா, சாரையும் ஒருவாட்டி ஊதச் சொல்லுங்க."

ரங்கசாமியின் கை ஏலக்காய்க்காகச் சட்டைப்பைக்குள் போனது.