கூமராவின் இடது மூலை

"இருபத்து மூணாவது டேக், ஆன்ட்டி! இந்த மீன் என்னைப் பார்த்துச் சிரிக்குது!"

இயக்குநர் ரெவி தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தான். ஆக்லாந்தின் அந்தப் படப்பிடிப்புத் தளத்தில், சிறுவர் தொடருக்கான ஒரே காட்சி காலையிலிருந்து இழுத்துக்கொண்டிருந்தது. கண்ணாடியை இரண்டு முறை தட்டினால், கூமரா என்ற தங்கமீன் தொட்டியின் நடுவிலிருக்கும் வளையத்துக்குள் நுழைந்து வர வேண்டும். அவ்வளவுதான்.

மீனைப் பழக்கிய நைரி மறுபடியும் தட்டினாள். டக், டக்.

கூமரா வளையத்தை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. விறுவிறுவென்று இடது மூலைக்குப் போய், தண்ணீருக்கு மேலே வாயைப் பிளந்துகொண்டு நின்றது.

"அடிப் பாழாப்போனவளே! வீட்ல நூறு தடவை செஞ்சியேடி!" நைரி பல்லைக் கடித்தாள். "சத்தியமாச் சொல்றேன் ரெவி, ரெண்டு வாரம் முன்னாடி வரைக்கும் ஒழுங்காத்தான் செஞ்சா. அப்புறம்தான் இந்தக் கிறுக்கு. தண்ணியை மாத்திப் பார்த்தேன், வளையத்தை மாத்திப் பார்த்தேன். அந்த மூலையை விடமாட்டேங்கிறா!"

"சாப்பாட்டு நேரத்துக்குள்ள முடியலேன்னா, கம்ப்யூட்டர்ல மீனை வரைஞ்சுக்கச் சொல்லிட்டாங்க. என்னால ஒண்ணும் பண்ண முடியாது ஆன்ட்டி."

எட்டு மாதத்துக்குப் பிறகு நைரிக்கு வந்த முதல் வேலை இது.

டக், டக். இடது மூலை. டக், டக். இடது மூலையேதான்.

ரெவி தொட்டியருகே குனிந்து உற்றுப் பார்த்தான்.

"எப்படிப் பழக்கினீங்க?"

"தட்டுவேன். வளையத்துல நுழைஞ்சு வந்தா, வலது பக்கம் தீனி போடுவேன்."

"அப்போ வேற யாரோ தட்டித் தட்டி, இடது பக்கம் சும்மாவே தீனி போடுறாங்க. வேலை செய்யாமலே சோறு கிடைச்சா நான்கூடத்தான் அந்த மூலையில போய் நிப்பேன்!"

"யாருப்பா போடப் போறா? தீனி டப்பா தொட்டி மேலதான் இருக்கும். என்னைத் தவிர யாரும் தொடறதில்ல. கடைக்குப் போற ஒரு மணி நேரம் தவிர நான் வீட்டை விட்டு நகர்றதுமில்ல."

"அந்த ஒரு மணி நேரம் வீட்ல யாரு இருப்பா?"

"என் வீட்டுக்காரர் மட்டும்தான்..."

"பிடிச்சாச்சு! அந்த மனுஷனுக்குப் போன் போட்டு நல்லா நாலு வார்த்தை கேளுங்க. காலையிலேர்ந்து என் உயிரை எடுத்துட்டாரு!"

நைரி அவனையே வெறித்துப் பார்த்தாள்.

"நீ கம்ப்யூட்டர்லயே வரைஞ்சுக்கப்பா!" என்று கத்திவிட்டு, மீனையும் தொட்டியையும் அப்படியே போட்டுவிட்டு வாசலை நோக்கி ஓடினாள்.

வீட்டில் அந்தத் தொட்டியின் இடது பக்கத்தை ஒட்டித்தான் அவள் கணவன் விரேமுவின் கட்டில் கிடந்தது. பக்கவாதம் தாக்கிய இந்த எட்டு மாதத்தில், அவனுடைய விரல் நுனிகூட அசைந்து யாரும் பார்த்ததில்லை.