முந்தலில் ஒரு நிமிடம்

இதில் ஒரு சொல் பொய்யென்றாலும், சொல்கிறவன் வாயில் இனி ஏலக்காய் மணக்காமல் போகட்டும். ஹிரோஷிமாவில் குண்டு விழுந்த நாளான இன்று காலையும், சாக்குத்துணியில் ‘போர் வேண்டாம்’ என்று எழுதிப் பிடித்துக்கொண்டு போடி மலையடிவாரத்து முந்தல் செக்போஸ்ட்டில் ஞானசெல்வி நிற்கிறாள். இருபது வருசத்துக்கு முன் நாற்பது பேர் நின்ற இடம். இப்போது அவள் ஒருத்திதான். ஏலக்காய் பறிக்கப் போகும் பெண்களோடு மலையேறுகிற ஜீப்பை வருசந்தோறும்போல் தங்கபாண்டியன் நிறுத்துகிறான். மேடு என்பதால் சக்கரத்துக்கு முட்டுக்கல் வைத்துவிட்டு எஞ்சினை அணைக்கிறான். “ஒரு நிமிசந்தான் யக்கா. வெரசா முடிங்க, கங்காணி கத்துவாரு.” “உலகத்துச் சண்டை பூராம் நிக்கணும்ல அப்பு, அவசரப்பட்டா ஆகுமா?” “எல்லையில இருக்கிற ஒங்க மகன் போன் பண்ணுனானா?” “ரூபன் பேசி நாலு நாளாச்சு. சண்டை நின்னாப் பேசுவான்.” மௌன நிமிடம் தொடங்குகிறது. தூறல் சாக்குத்துணியை நனைக்காமல் ஒரு முழம் மேலேயே நின்றுகொள்கிறது. கைப்பிடிச் சுவரில் குரங்குகள் கைகட்டி உட்கார்கின்றன. உலகத்துத் துப்பாக்கி அத்தனையும் வாய்மூடிக்கொள்வதை ஞானசெல்வி தன் காதாலேயே கேட்கிறாள். ஜீப்புக்குள் யாரோ மூக்கை உறிஞ்சுகிறார்கள். இடுப்பில் செருகிய போனை அவள் கை தொட்டுப் பார்க்கிறது. ரூபன் நேற்றுச் சாயங்காலமே இறந்துவிட்டான். தகவல் இன்னும் போடிக்கு வந்து சேரவில்லை.