ஏழு தெருக்கள்

நான்காவது வரியில் மார்க்கர் நின்றது.

ஊசிக்கிணற்றுத் தெரு. அவன் குடியிருக்கும் தெரு.

நகராட்சியின் தண்ணீர்ப் பரிசோதனை அறிக்கை. குடிக்கத் தகுதியற்ற நீர் வரும் ஏழு தெருக்கள். எவை என்று கேட்டுத் தகவல் உரிமை மனுப் போட்டவள் தவமணி. மூத்த மகனை மஞ்சள் காமாலைக்குப் பறிகொடுத்தவள். சின்னவளும் அதே குழாயில்தான் குடிக்கிறாள் என்று மனுவிலேயே எழுதியிருந்தாள்.

அறிக்கையைக் கொடுத்துவிடு, தெருப் பெயர்களை மட்டும் கறுப்பு மையால் அடித்துவிடு என்று குமாஸ்தாவான அவனிடம் சூப்பிரண்டு சொல்லியிருந்தார். ஊரில் பீதி கிளம்பிவிடுமாம்.

வெளியே போய் மனைவிக்குப் போன் செய்தான். இனிமேல் குழாய்த் தண்ணீர் வேண்டாம், கேன் வாங்கு என்றான். பக்கத்து வீட்டிலும் சொல்லட்டுமா என்று கேட்டாள்.

வேண்டாம் என்றான்.

திரும்பி வந்து நான்காவது வரியையும் அடித்தான். மிச்ச மூன்றையும்.

அடித்த தாளை அப்படியே கொடுக்கும் வழக்கமில்லை. வெளிச்சத்தில் பிடித்தால் மைக்கு அடியில் எழுத்து தெரியும். அதை ஜெராக்ஸ் எடுத்து, அந்த நகலைத்தான் கொடுப்பார்கள்.

ஜெராக்ஸ் மெஷின்வரை போனான். மூடியைத் திறந்தான். தாளை வைக்காமலே மூடினான்.

அடித்த தாளையே உறையில் போட்டான்.

தன்னால் முடிந்தது இவ்வளவுதான் என்று நினைத்தான். இவ்வளவுதானா என்றும்.

தவமணி ஜன்னலோரம் நின்று உறையைப் பிரித்தாள். முகத்துக்கு நேரே பதினொரு மணி வெயில். தாளைக் கொஞ்சம் உயர்த்தினால் போதும்.

அவள் அதை மேசைமேல் விரித்தாள். கறுப்புக் கோடுகளை விரலால் ஒவ்வொன்றாகத் தடவினாள்.

"எட்டு மாசம் அலஞ்சது இதுக்குத்தானா, தம்பி?"

சூப்பிரண்டு நிமிர்ந்து பார்த்தார்.

அவன் வாயைத் திறந்தான். பிறகு, கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைக் காட்டினான்.

போட்டாள். தாளை நான்காக மடித்துப் பைக்குள் திணித்துக்கொண்டு வெளியேறினாள்.

வாசல் பெஞ்சில் சின்னவள் உட்கார்ந்திருந்தாள். தவமணி பையிலிருந்து பாட்டிலை எடுத்துக் கொடுத்தாள்.

சிறுமி அதை வெயிலில் உயர்த்தி, அண்ணாந்து குடித்தாள்.

அவன் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டு நின்றான்.

தண்ணீர் அவ்வளவு தெளிவாக இருந்தது.