மாட்டாத திரை

"அந்தத் திரைச்சீலையை மாட்டினே, அவ்வளவுதான்! கீழ வை மார்னி!"

ஓரெஸ்ட் பிலெஸ்கி போட்ட சத்தத்தில் மேஜையில் இருந்த காப்பிக் கோப்பை ஆடியது. எட்டு மாத வயிற்றோடு மனைவி ஸ்டூலில் ஏறி நிற்கிறாளே என்ற கவலையல்ல அது. கவலை முழுக்கத் திரைச்சீலையைப் பற்றித்தான்.

ஓரெஸ்ட் ஐஸ் ஹாக்கி கோல்கீப்பர். கூப்பிட்ட ஊருக்கு முகமூடியும் மட்டையுமாகப் போய் இறங்குவான். அந்த ஊருக்குச் சலித்ததும் இன்னோர் ஊர் அணிக்குத் தள்ளிவிடுவார்கள். மூத்த மகள் வயிற்றில் தங்கியது விச்சிட்டாவில், பிறந்தது பியோரியாவில், பல் முளைத்தது பஸ்ஸில்.

ஏன் இப்படி என்று அவன் ஆராய்ந்தும் வைத்திருந்தான். மார்னி எந்த ஊரில் ஜன்னலுக்குத் திரை மாட்டினாலும் அந்த வாரமே அவனை மாற்றிவிடுகிறார்கள். கோல் விட்ட கணக்கை அந்த ஆராய்ச்சியில் அவன் சேர்த்துக்கொள்ளவில்லை.

கனடாவில், சஸ்காட்செவனில் இருக்கிற எங்கள் ஊருக்கு வந்த பிறகுதான் அவனுக்குக் கால் ஊன்றியது. முப்பத்தாறு வயதில், முதல் தடவையாக, அணியின் முதல் கோல்கீப்பர். அதற்குக் காரணமும் ஜன்னல்தான் என்பான். இருட்டியதும் கூடத்து விளக்கைப் போட்டால் அந்தப் பெரிய ஜன்னல் அவனுக்கு ஆளுயரக் கண்ணாடி; தினமும் அதன் முன்தான் பயிற்சி. முகமூடி, கால் கவசம், உள்ளாடை, அவ்வளவுதான் உடுப்பு. பேன்ட் போட்டால் முட்டி மடங்குகிற அழகு தெரியாதாம். குனிந்து பார்ப்பான், காலை அகட்டி உட்கார்ந்து பார்ப்பான், திரும்பி நின்று தோளுக்கு மேலாகப் பின்பக்கத்தையும் சரிபார்த்துக்கொள்வான்.

"இன்னிக்கு மூணு மணி வரைக்கும் பொறுத்துக்கோம்மா," என்று இப்போது குரலை இறக்கினான். "அணிங்க ஆள் மாத்திக்கிற கெடு அதோட முடியுது. அப்புறம் இந்த சீசன் முழுக்க நம்மள ஒருத்தனும் அசைக்க முடியாது. குழந்தை இங்கேயே பொறக்கும்."

"அக்டோபர்லேருந்து இதே பாட்டு! துணிக்கடை பொம்மை மாதிரி ஊர் பார்க்க உக்காந்திருக்கேன். எதிர்வீட்டு அம்மா சர்ச்சுல என்னைப் பார்த்தாலே கண்ணை மூடி ஜெபம் பண்ண ஆரம்பிச்சுடுது."

"போன மாசம் ஏழு கோல் விட்டேனே, அந்தக் கோவமா இருக்கும்."

"அந்தம்மா ஹாக்கி பார்க்கிற மூஞ்சியா? சரி, திரை நான் வாங்கினதா? உங்க மேனேஜர் கொடுத்ததுதானே? கிறிஸ்துமஸுக்கு எல்லாருக்கும் வான்கோழி, உங்களுக்கு மட்டும் ஏன் திரைச்சீலை?"

"அன்னிக்கே எனக்குப் புரிஞ்சுடுச்சு. உன்னை விக்கப் போறோம், மாட்டிக்கோன்னு லைல் சாடையா சொல்றான். நானா மாட்டுவேன்?"

இருவரும் போனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். வெளியே பனி கொட்டியது. மார்னி பெரோகிக் கொழுக்கட்டைக்கு மாவு பிசைந்தாள். பிசைந்த மாவையே மறுபடியும் பிசைந்தாள்.

கடிகாரம் மூன்று அடித்தது. போன் வாய் திறக்கவில்லை.

ஓரெஸ்ட் எழுந்து வாசற்கதவின் நிலைக்கு ஒரு முத்தம் கொடுத்தான். ஆட்டத்தில் கோல் கம்பத்துக்குக் கொடுக்கிற முத்தம். "நீ ஏறாதே, நானே மாட்டுறேன்," என்று ஸ்டூலில் ஏறி, கெட்டியான பழுப்புத் துணியை ஜன்னல் முழுக்க இழுத்துவிட்டான்.

"இப்பதான் வீடு மாதிரி இருக்கு," என்று மார்னி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

முதல் பெரோகி வாணலியில் சிவக்கும்போது போன் அடித்தது.

"ஓரெஸ்ட், லைல் பேசறேன். மனசைத் திடப்படுத்திக்கோப்பா. உன்னை டெக்சாஸுக்கு மாத்தியாச்சு. கெடு முடியறதுக்குக் கொஞ்சம் முன்னாடிதான் கையெழுத்தாச்சு."

ஓரெஸ்ட் போனைப் பொத்திக்கொண்டு அலறினான். "பாத்தியா! மாட்டின கை இன்னும் கீழ இறங்கல, அதுக்குள்ள!" பிறகு போனில், "நான் என்ன தப்பு பண்ணேன் லைல்? போன வாரம் ஒரு கோலாவது விட்டேனா?"

"உன் ஆட்டத்தைக் குறை சொன்னா என் நாக்கு அழுகிடும். இது முதலாளியம்மா உத்தரவு."

"அவங்க யாருன்னுகூட எனக்குத் தெரியாதே!"

"ஒருத்தருக்கும் தெரியாது. புருஷன் விட்டுட்டுப் போன அணி. சர்ச்சுக்குத் தெரிஞ்சா வம்புன்னு வெளியில சொல்லிக்கிறதில்ல. உன் எதிர்வீட்டு ஃபிரீசன் அம்மாதான்பா!"

ஓரெஸ்ட் ஸ்டூலில் உட்கார்ந்தான்.

"'அந்த ஆள் ஜன்னலுக்குத் திரை போடணும், இல்ல ஊரை விட்டுப் போகணும்'னு அக்டோபர்லேயே சொல்லிட்டாங்க. இதை எப்படிப்பா உன் மூஞ்சிக்கு நேரா சொல்றது? அதான் வான்கோழிக்குப் பதிலா துணி வாங்கிக் கொடுத்தேன். இன்னிக்கு மாட்டுவே, நாளைக்கு மாட்டுவேன்னு நானும் உன் தெருவழியாவே வந்து போயிட்டிருந்தேன்."

வாணலியில் பெரோகி கருகியது. யாரும் திருப்பவில்லை.

"இன்னொண்ணு சொல்லட்டுமா?" லைல் பெருமூச்சு விட்டார். "இப்பதான் அவங்களே போன் பண்ணாங்க. 'திரை தொங்குது லைல், பாவம், பிள்ளைத்தாச்சிப் பொண்ணு, அந்தக் குடும்பம் இங்கேயே இருக்கட்டும்'னாங்க. மூணு அடிச்சுட்டுதே, நான் என்ன பண்ணுவேன்? ஒரு அரை மணி முன்னாடி மாட்டித் தொலைச்சிருக்கக் கூடாதாப்பா!"