முதல் வரிசைக்காரர்

இடைவேளையில் காமெடியன் முகத்தைத் துடைத்துக்கொண்டே டிரம்மரிடம் வந்தார்.

"முதல் வரிசையில ஒரு பெரியவர் உம்முன்னு உட்கார்ந்திருக்காரே, பார்த்தியா? ஊரே சிரிக்குது, அவருக்கு உதடுகூட அசையல. அடுத்த பாதி முழுக்க அவரை வச்சுத்தான். நான் சொல்லி முடிச்சதும் நீ ஓங்கி அடி."

"வயசானவரு, விட்டுடலாமேண்ணே."

"ஏன், உனக்குத் தெரிஞ்சவரா?"

டிரம்மர் கையிலிருந்த குச்சிகளைப் பார்த்தான். "இல்லண்ணே."

திரை விலகியது.

"ஐயா, சிரிப்புக்கு இன்னும் வரி போடல, தாராளமா சிரிங்க!"

டிரம்மர் அடித்தான். அரங்கமே பெரியவர் பக்கம் திரும்பிச் சிரித்தது.

"பல்செட்டை வீட்டுலயே வச்சுட்டு வந்துட்டாரு போல!"

மறுபடி அடித்தான். மறுபடி சிரிப்பு. சுற்றுமுற்றும் பார்த்த பெரியவரும் மெல்லச் சிரித்தார்.

"அப்பாடா! முதல் ஜோக் இப்பத்தான் போய்ச் சேர்ந்திருக்கு!"

அதற்கும் அடித்தான்.

நிகழ்ச்சி முடிந்து பின்வாசல் வழியாக வெளியே வந்தவனின் இரண்டு கைகளையும் அந்தப் பெரியவர் பிடித்துக்கொண்டார். தெருவே திரும்பிப் பார்க்கும்படி உரக்கப் பேசினார்.

"காது ரெண்டும் போனப்புறம் நான் வந்து என்னத்தடா கேட்கப்போறேன்னு நினைச்சேன். உன் கையை மட்டும் பார்த்துக்கிட்டே இருந்தேன். நீ அடிக்கிறப்பல்லாம் எல்லாரும் என்னைப் பார்த்துச் சிரிச்சாங்களே..." அவர் கண்கள் கலங்கின. "நான்தான் உன் அப்பான்னு மேடையிலேயே சொல்லிட்டாங்களா?"

மகன் தலை குனிந்தான்.

அதை 'ஆமாம்' என்று எடுத்துக்கொண்டார் அப்பா.