சரியாய்ப் போன கணிப்பு

ஒவ்வொரு பட்டறையும் அடுத்த ஆண்டைத் தாண்டுமா என்று கோவைக் கணிப்பு நிலையம் ஓர் எண் சொல்லும். முதலில் ஊழியர் ஒருவர் நேரில் பார்த்து, தன் நம்பிக்கை நூற்றுக்கு எத்தனை என்று எழுத வேண்டும். பிறகு வருகிற ஒவ்வொரு தகவலும் அந்த எண்ணை ஏற்றும், அல்லது இறக்கும்.

மருதாசலத்தின் லேத் பட்டறைக்குப் பூவிழி போன அன்று கதவு பூட்டியிருந்தது. விசாரிக்கச் சோம்பல்பட்டு, முப்பது என்று எழுதிவிட்டு வந்தாள்.

நிலையம் வெளியிட்ட முப்பதைப் பார்த்தவர்கள் ஆர்டர் தரத் தயங்கினார்கள். ஆர்டர் குறையக் குறைய எண் இருபதானது, பிறகு எட்டானது. ஆடியில் மருதாசலம் பட்டறையை மூடினார். துல்லியமாகக் கணித்தாள் என்று நிலையம் பூவிழிக்குப் பொன்னாடை போர்த்தியது.

விழா முடிந்ததும் மருதாசலம் தேடி வந்தார்.

"எனக்கே தெரியாதது உங்களுக்கு அப்பவே தெரிஞ்சிருக்குங்க அம்மிணி. நான் எங்க தப்புப் பண்ணுனேன்னு சொல்லுங்க, மருமகன்கிட்டயாவது சொல்லி வெக்கறேன்."

அவளால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

"நீங்க ஒரு தப்பும் பண்ணலீங்கண்ணா. வைகாசி ஒம்பதாந்தேதி வந்தேன், பூட்டியிருந்துச்சு. ஏன்னு நான் கேக்கல. அதான் அப்படி எழுதிட்டேன்."

அவர் சற்று யோசித்தார்.

"அன்னைக்கு மக கல்யாணமுங்க. தெருமுக்குல பெருசா பேனர் வெச்சிருந்தனே, பாக்கலீங்களா?"

பூவிழி பொன்னாடையைத் தோளிலிருந்து எடுத்துச் சுருட்டினாள். அதை எங்கே வைப்பதென்று அவளுக்குத் தெரியவில்லை.