பேச்சு மாறியவர்

"இந்தக் கையெழுத்து உம்முடையதுதானா?"

திருத்தணி முன்சீப் கோர்ட்டில், வக்கீல் ஆதிகேசவன் ஒப்பந்தப் பத்திரத்தைத் தூக்கிக் காட்டினார்.

கூண்டில் நின்ற சிவப்பிரகாசம் பத்திரத்தைப் பார்த்தார். பிறகு ஜன்னலோரம் நின்ற தன் மகன் துரைக்கண்ணுவைப் பார்த்தார்.

"ஆங். என்னுதுதாங்க."

துரைக்கண்ணு தலையில் அடித்துக்கொண்டான். 'கள்ளக் கையெழுத்துன்னு சொல்லு நைனா' என்று நாலு நாளாகச் சொல்லிக் கொடுத்திருந்தான்.

"அச்சாரம் வாங்கினீரா?"

"வாங்கனேன்."

"அப்புறம் ஏன் கிரயம் பண்ணித் தரவில்லை?"

"தர இஷ்டமில்லீங்க."

கோர்ட்டில் சிரிப்பு எழுந்தது. பேராசைக்காரன்தான், ஆனால் பொய் சொல்லக்கூடத் தெரியாத பேராசைக்காரன் என்று பேசிக்கொண்டார்கள்.

விஷயம் இதுதான். கனகம்மாசத்திரம் ரோட்டோரம் சிவப்பிரகாசத்துக்கு முக்கால் ஏக்கர் நிலம். சொந்தச் சம்பாத்தியம். அதில் பதினைந்து வருஷம் கூலி வேலை செய்த எல்லம்மாளுக்கே அதை இருநூற்றைம்பது ரூபாய்க்குக் கொடுப்பதாக நாற்பத்தொன்றில் எழுதிக் கொடுத்தார். அவள் இரண்டு மாடுகளை விற்று அச்சாரம் கொடுத்தாள். மீதிக்கு ஒரு வருஷம் தவணை.

அதற்குள் யுத்தத்தில் ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பயந்து பட்டணத்து ஜனங்கள் ஊர் ஊராகக் குடிவந்தார்கள். நிலத்தின் விலை எகிறிவிட்டது. பட்டணத்து வியாபாரி ஒருவர் அந்த முக்கால் ஏக்கருக்குத் தொள்ளாயிரம் தருகிறேன் என்றார்.

எல்லம்மாள் தவணை தவறாமல் மீதியை முந்தானையில் முடிந்துகொண்டு போனாள். சிவப்பிரகாசம் வாசலிலேயே அவளை நிறுத்திவிட்டார். பின்னால் துரைக்கண்ணு நின்றிருந்தான்.

"நிலம் குடுக்க மாட்டேன். வேணும்னா கோர்ட்டுக்குப் போ!" என்று தெருவே கேட்கக் கத்தினார்.

விக்கித்துப் போனவளை வக்கீல் ஆதிகேசவன்தான் கூப்பிட்டு விசாரித்தார். பீஸ் வேண்டாம் என்று சொல்லி வழக்கும் போட்டார். ஊர் அவரைக் கொண்டாடியது. சிவப்பிரகாசம் கிருத்திகைக்கு மலையேறினால், "முருகனையே ஏமாத்த வந்துகினு இருக்காரு பாரு" என்று படியில் உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்தார்கள்.

தீர்ப்பு எல்லம்மாளுக்குச் சாதகமாக வந்தது. மீதிப் பணத்தை வாங்கிக்கொண்டு சிவப்பிரகாசம் கிரயம் செய்து தர வேண்டும். மறுத்தால் அவருக்குப் பதிலாகக் கோர்ட்டே எழுதிக் கொடுக்கும்.

"அப்பீல் போலாம் நைனா," என்றான் துரைக்கண்ணு.

"எப்டிடா போறது? கையெழுத்து என்னுதுன்னு நானே ஒத்துகினேனே!"

ரிஜிஸ்தர் ஆபீஸில் கையெழுத்துப் போட்டுவிட்டு அவர் படியிறங்கும்போது எல்லம்மாள் வழிமறித்தாள்.

"எழுதிக் குடுத்த சொல்லைக் காப்பாத்த உனக்குக் கோர்ட்டு வேண்டியிருந்துச்சா? நீயெல்லாம் பெரிய மனுசனா? தூ!"

சிவப்பிரகாசம் மேல்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நடந்தார்.

அன்று சாயங்காலம் அவள் ஒரு கோழியை இடுக்கிக்கொண்டு ஆதிகேசவன் வீட்டுக்கு வந்தாள்.

"பீஸு வாங்கலை, இதையாவது வாங்கிக்குங்க சாமி."

ஆதிகேசவன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"எல்லம்மா, ஊர் என்னைப் புகழ்றது எனக்கே கூச்சமா இருக்கு. என் பீஸ் கேஸ் போட்ட அன்னைக்கே வந்துடுச்சு. ஸ்டாம்புச் செலவும் சேர்த்து."

"யாரு குடுத்தது?"

"இன்னைக்குத் திட்டினியே, அவரேதான்."

எல்லம்மாள் கையிலிருந்து கோழி நழுவி ஓடியது.

"உன் பேருக்கு எழுதிக் குடுத்தா, பொண்டாட்டி புள்ளையோட அரக்கோணம் போயிடுவேன், பேரனைக் கண்ணுல காட்ட மாட்டேன்னு மகன் சொல்லிட்டான். அவராவே குடுத்தா குடும்பம் உடைஞ்சுபோகும். கோர்ட்டு குடுக்கச் சொன்னா மகன் யார்கிட்டப் போய்ச் சண்டை போடுவான்? எப்படியாவது என்னைத் தோக்கடிச்சிடுங்கன்னு எங்கிட்ட வந்து நின்னாரு."

எல்லம்மாள் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு விசுக்கென்று வாசல் பக்கம் திரும்பினாள்.

"எங்கே போறே?"

"அவரு கால்ல வுழணும் சாமி. தூன்னு துப்பிட்டேனே!"

"விழுந்தா எல்லாம் கெட்டுப் போச்சு! மகனுக்குச் சந்தேகம் வந்துடும். அவரை எங்கே பார்த்தாலும் இதே மாதிரி திட்டு. அவருக்கு நீ செய்யற உபகாரம் அதுதான்."

மறுநாள் காலை எல்லம்மாள் தன் நிலத்தின் வரப்பில் நின்றிருந்தாள். ரோட்டில் சிவப்பிரகாசத்தின் வண்டி வந்தது. அவர் பக்கத்தில் துரைக்கண்ணு.

கும்பிட எழுந்த கைகளை அவள் அவசரமாக இடுப்பில் ஊன்றிக்கொண்டாள்.

"பேச்சு மாறுன மனுசன் போறாரு பாரு! உனக்கெல்லாம் சோறு எப்டிய்யா எறங்குது?"

அவள் குரல் உடைந்தது. கோபத்தில்தான் என்று துரைக்கண்ணு நினைத்துக்கொண்டான்.

"இன்னா வாய் பாத்தியா நைனா! எறங்கிக் கேக்கட்டுமா?"

"உடுடா, பேசிட்டுப் போவட்டும்," என்று சிவப்பிரகாசம் தலையைக் குனிந்துகொண்டார், சிரிப்பை மறைக்க.